யாருக்காக அழுதான்? – சுதந்திரத் திரைப்படங்களில் கிறிஸ்தவ இளைஞரின் விசுவாசக் கேள்வி

பெரிய தயாரிப்பு நிறுவனங்களின் முதலீட்டையும் வணிகச் சூத்திரங்களையும் சாராமல் எடுக்கப்படும் படங்கள் சுதந்திரத் திரைப்படங்கள் அல்லது சுயாதீனத் திரைப்படங்கள் எனப்படுகின்றன. பிறப்பால் பெற்ற மத நம்பிக்கையை ஓர் இளைஞனோ இளம்பெண்ணோ தன் அனுபவத்தில் வைத்துச் சோதித்துப் பார்ப்பது உலகெங்கும் இவ்வகைப் படங்கள் விரும்பி எடுத்துக்கொண்ட பொருள்களில் ஒன்று. தமிழில் கிறிஸ்தவ வாழ்வை முன்வைத்து இக்கேள்வியை எழுப்பிய படங்கள் மிகக் குறைவு. அவற்றுள் காலத்தால் முற்பட்ட ஒன்று, கடலூரில் பிறந்த எழுத்தாளர் ஜெயகாந்தன் 1966இல் இயக்கிய ‘யாருக்காக அழுதான்?’ ஆகும். இப்பொருளின் வரலாற்றில் கடலூருக்கும் சிதம்பரத்துக்கும் தனி இடம் உண்டு.

திரைக்கு முந்தைய வரலாறு

கிறிஸ்தவ இளைஞர்கள் தம் நம்பிக்கையைக் கேள்விக்கு உட்படுத்திய வரலாறு தமிழரிடையே திரைப்படத்துக்கு வெகுகாலம் முன்பே தொடங்கிவிட்டது. கடலூர் அருகேயுள்ள செயின்ட் டேவிட் கோட்டையை ஆங்கிலேயர் 1690இல் விலைக்கு வாங்கினர். 1740இல் கீர்நாந்தர் என்னும் சீர்திருத்தச் சபை மதபோதகர் கடலூருக்கு வந்து பணியாற்றினார். 1758இல் பிரெஞ்சுக்காரர் கடலூரைக் கைப்பற்றியபின் அவர் கல்கத்தாவுக்குச் சென்றார். 1860களில் டேனிஷ் மிஷன் மேல்பட்டாம்பாக்கத்தை மையமாகக் கொண்டு இப்பகுதியில் வேரூன்றியது. அதன் வழிவந்ததே கடலூரைத் தலைமையிடமாகக் கொண்ட ஆற்காடு லுத்தரன் திருச்சபை. கத்தோலிக்கரைப் பொறுத்தவரை, 1953 முதல் புதுச்சேரி – கடலூர் உயர்மறைமாவட்டம் என்ற பெயரிலேயே கடலூர் இடம்பெற்றுள்ளது.

சிதம்பரத்தின் தொடர்பு வேறு வகையானது. யாழ்ப்பாணத்து ஆறுமுக நாவலர் (1822–1879) வெஸ்லியன் மிஷன் பள்ளியில் பயின்று, அங்கேயே பணியாற்றி, பீட்டர் பெர்சிவல் பாதிரியாரின் விவிலிய மொழிபெயர்ப்புக்குத் துணை நின்றவர். பின்னர் அப்பணியை விட்டு விலகிச் சைவக் கல்விக்கே தம்மை ஒப்படைத்தார். 1864இல் சிதம்பரத்தில் சைவப்பிரகாச வித்தியாசாலையை நிறுவினார். நாவலர் கிறிஸ்தவராகவில்லை. ஆயினும் மிஷன் பள்ளிகளில் படித்துக் கிறிஸ்தவப் பெயர் தாங்கிய இளைஞர் சிலர் மீண்டும் சைவத்துக்குத் திரும்பியதில் அவர் எழுப்பிய விவாதங்களுக்குப் பங்கு உண்டு. சென்னைப் பல்கலைக்கழகத்தின் முதற் பட்டதாரிகளான சி. வை. தாமோதரம்பிள்ளையும் கறோல் விசுவநாதபிள்ளையும் அவர்களுள் இருவர். இருவரும் 1823 முதல் 1855 வரை இயங்கிய வட்டுக்கோட்டை செமினரியின் மாணவர்கள்.

தாமோதரம்பிள்ளையின் குடும்ப வரலாறு சிந்தனைக்குரியது. சார்லஸ் வின்சுலோ கிங்ஸ்பரி என்று ஒருகாலத்தில் அழைக்கப்பட்ட அவர் சைவராகத் திரும்பி, வீரசோழியம், தொல்காப்பியப் பொருளதிகாரம், கலித்தொகை முதலிய நூல்களைப் பதிப்பித்துப் புகழ்பெற்றார். அவருடைய மகன் அழகசுந்தரமோ எதிர்த்திசையில் நடந்து கிறிஸ்தவரானார். பிரான்சிஸ் கிங்ஸ்பரி என்ற பெயரில் போதகராகவும் தமிழறிஞராகவும் விளங்கினார். கிறிஸ்தவரான பின்னும் அவர் தேவார, திருவாசகப் பாடல்களை விட்டுவிடவில்லை. ஜி. இ. பிலிப்ஸ் என்பவரோடு சேர்ந்து அவற்றிலிருந்து தேர்ந்தெடுத்தவற்றை ஆங்கிலத்தில் மொழிபெயர்த்து 1921இல் வெளியிட்டார். தந்தை விட்டுச்சென்ற சமயத்தை மகன் ஏற்றான்; ஏற்ற பின்னும் தந்தையின் பாடல்களைத் தேடிச் சென்றான். ஒரு திரைக்கதைக்கு வேண்டிய அத்தனையும் இங்கே இருக்கின்றன.

தமிழ்த் திரையின் கிறிஸ்தவத் தொடக்கம்

தென்னிந்தியாவில் சினிமா மக்களிடம் சென்று சேர்ந்ததே ஒரு கிறிஸ்தவப் படத்தின் வழியாகத்தான். ரயில்வே ஊழியராக இருந்த கோயம்புத்தூர் சாமிக்கண்ணு வின்சென்ட் 1905இல் டூபான் என்னும் பிரெஞ்சுக்காரரிடமிருந்து படம்காட்டும் கருவியையும் சில துண்டுப்படங்களையும் விலைக்கு வாங்கினார். அவற்றுள் இயேசுவின் வாழ்க்கைப் படமும் ஒன்று. திருச்சிராப்பள்ளியில் தொடங்கி ஊர் ஊராகக் கூடாரம் அடித்து அவர் அதைக் காட்டினார். இந்தியத் திரைப்படத்தின் தந்தை எனப்படும் தாதாசாகேப் பால்கேயும் பம்பாயில் இயேசுவின் வாழ்க்கைப் படத்தைப் பார்த்தபோதுதான் நம் புராணக் கதைகளையும் இவ்வாறு எடுக்கலாமே என்று எண்ணினார். அதன் விளைவு 1913இல் வெளிவந்த ‘ராஜா ஹரிச்சந்திரா’.

இவ்வாறு தொடங்கிய உறவு பிற்காலத்தில் பக்திப்படம் என்னும் ஒரே வாய்க்காலில் ஓடியது. ஜோசப் தளியத் தயாரித்த ‘ஞானசௌந்தரி’ 1948இல் பெரும் வெற்றி பெற்றது. 1971இல் ‘அன்னை வேளாங்கண்ணி’ வந்தது. இப்படங்களில் துன்பம் வரும், வேண்டுதல் எழும், அற்புதம் நிகழும். நம்பிக்கை சோதிக்கப்படுவதும் அது வெல்வதற்காகவே. சமூகப் படங்களிலோ கிறிஸ்தவப் பாத்திரம் என்றால் வெள்ளை அங்கி அணிந்த பாதிரியார், கருணை மிக்க கன்னியாஸ்திரி, கவுன் அணிந்த ஆங்கிலோ – இந்தியப் பெண், மதுக்கடை நடத்துபவர் என்று சில வார்ப்புகளுக்குள் அடங்கிவிட்டது. தன் நம்பிக்கையைப் பற்றித் தானே யோசிக்கும் சாதாரண கிறிஸ்தவ இளைஞனுக்கு அங்கே இடமில்லை.

ஜெயகாந்தனும் ஜோசப்பும்

ஜெயகாந்தன் (ஏப்ரல் 24, 1934 – ஏப்ரல் 8, 2015) கடலூர் மஞ்சக்குப்பத்தில் பிறந்தவர். ஐந்தாம் வகுப்போடு பள்ளிப் படிப்பு நின்றது. விழுப்புரத்தில் மாமா வீட்டில் பாரதியையும் பொதுவுடைமைக் கருத்துகளையும் அறிந்தார். சென்னையில் கம்யூனிஸ்ட் கட்சி அலுவலகத்தில் வளர்ந்தார். சேரி மக்களையும் தெருவோர வாழ்க்கையையும் எழுதிய அவர், 1965இல் தம் ‘உன்னைப்போல் ஒருவன்’ கதையைத் தாமே இயக்கிப் படமாக்கினார். ஆசிய ஜோதி பிலிம்ஸ் என்ற பெயரில் நண்பர்களோடு சேர்ந்து எடுத்த படம் அது. நட்சத்திர நடிகர்கள் இல்லை. வீணைக் கலைஞர் சிட்டிபாபு இசையமைத்தார். தேசிய அளவில் தகுதிச் சான்றிதழ் பெற்றும் அப்படத்தை வாங்க விநியோகஸ்தர்கள் முன்வரவில்லை. தமிழில் சுதந்திரத் திரைப்படம் என்று சொல்லத்தக்க முயற்சிகளின் வரலாற்றை இப்படத்திலிருந்து தொடங்குவது வழக்கம்.

அடுத்த ஆண்டு அவர் இயக்கிய படமே ‘யாருக்காக அழுதான்?’. அதே பெயரில் அவர் எழுதிய குறுநாவல் முன்னரே ஆனந்த விகடனில் வெளிவந்து வாசகர்களிடம் பேர் பெற்றிருந்தது. விடுதி ஒன்றில் எடுபிடி வேலை செய்யும் ஜோசப் என்னும் ஏழைக் கிறிஸ்தவ இளைஞன் கதையின் நாயகன். விடுதியில் தங்கியவர் ஒருவரின் பணம் காணாமற்போகிறது. பழி ஜோசப்பின் மீது விழுகிறது. அவன் அடி வாங்குகிறான். எடுத்தவர் வேறொருவர். அன்று நகைச்சுவை நடிகராகப் புகழின் உச்சியில் இருந்த நாகேஷ் ஜோசப்பாக நடித்தார். சிரிக்க வைப்பவர் என்று மக்கள் நினைத்துவைத்திருந்த முகத்தை அழுகைக்குப் பயன்படுத்திய துணிவு கவனிக்கத்தக்கது. கே. ஆர். விஜயாவும் டி. எஸ். பாலையாவும் உடன் நடித்தனர்.

ஜோசப் தன் மதத்தைப் பற்றி வாதம் செய்பவன் அல்லன். அவன் பாவியா, புனிதனா என்ற ஆராய்ச்சியிலும் படம் இறங்குவதில்லை. ஆனால் படத்தின் தலைப்பே ஒரு விசுவாசக் கேள்வி. லாசருவின் கல்லறை அருகே இயேசு கண்ணீர் விட்டதாக யோவான் நற்செய்தி கூறுகிறது. எருசலேம் நகரைப் பார்த்து அவர் அழுததாக லூக்கா நற்செய்தி கூறுகிறது. பிறர் பாவத்துக்காக அழுத ஒருவரை வணங்கும் இளைஞன், பிறர் செய்த திருட்டுக்காக அடிபட்டு அழுகிறான். அவன் தனக்காக அழுதானா, தன்னை அடித்தவர்களுக்காக அழுதானா என்பதே கேள்வி.

இக்கேள்வியின் கூர்மை அதன் மறுபக்கத்தில் உள்ளது. ஒரு கன்னத்தில் அறைந்தால் மறு கன்னத்தைக் காட்டு என்னும் போதனையை வசதியுள்ளவன் கடைப்பிடித்தால் அது பொறுமை. திருப்பி அடிக்க வழியே இல்லாத ஏழை கடைப்பிடித்தால் அது விசுவாசமா, இயலாமையா? பொதுவுடைமை இயக்கத்தில் வளர்ந்த ஜெயகாந்தன் இரண்டாவது விடையையே சொல்லியிருக்கலாம். அவர் அவ்வாறு சொல்லவில்லை. ஜோசப்பின் கண்ணீரை இயலாமை என்று தள்ளவும் இல்லை. அற்புதம் நிகழ்த்தி அவனைக் காப்பாற்றவும் இல்லை. பக்திப்படத்துக்கும் பிரசாரப் படத்துக்கும் இடையில் ஒரு மூன்றாவது வழி அப்போது திறந்தது.

1970களில் அவர் எழுதிய ‘ஒரு மனிதன் ஒரு வீடு ஒரு உலகம்’ நாவலின் ஹென்றியும் இவ்வரிசையில் வைத்துப் பார்க்கத்தக்கவன். கிறிஸ்தவப் பெயர் கொண்டவன். எந்த மதத்துக்குள்ளும் அடைபடாதவன். ஜோசப் துன்பத்தின் வழியாக அடைவதை ஹென்றி எளிமையின் வழியாக அடைகிறான். ஹென்றி திரைக்கு வரவில்லை.

சிலுவையும் பூணூலும்

1981இல் பாரதிராஜா இயக்கிய ‘அலைகள் ஓய்வதில்லை’ வணிகப் படமே. ஆயினும் இவ்வரலாற்றில் அதை விட்டுவிட முடியாது. பிராமண இளைஞன் விச்சுவும் கிறிஸ்தவப் பெண் மேரியும் காதலிக்கின்றனர். ஊர் எதிர்க்கிறது. இறுதியில் அவன் பூணூலையும் அவள் சிலுவையையும் களைந்துவிட்டு இணைகின்றனர். கிறிஸ்தவ இளம்பெண் ஒருத்தி தன் சமய அடையாளத்தைத் தானே கழற்றுவதைத் தமிழ்நாட்டு மக்கள் பெருந்திரளாகக் கண்ட காட்சி அது.

ஆனால் மேரி கேள்வி கேட்பது மதத்தின் பெயரால் நிற்கும் குடும்பத்தையும் ஊரையும்தான். செபம் ஏன் கேட்கப்படவில்லை, கடவுள் ஏன் பேசாமல் இருக்கிறார் என்பன அவளுடைய கேள்விகள் அல்ல. சமூகக் கட்டை உடைப்பது ஒன்று; உள்ளத்தின் ஐயத்தோடு வாழ்வது மற்றொன்று. தமிழ்ப் படங்கள் முதலாவதைச் செய்ய முன்வந்த அளவுக்கு இரண்டாவதைச் செய்யத் துணியவில்லை.

மணிரத்னத்தின் ‘கடல்’ (2013) பெரும் பொருட்செலவில் வந்த படமாயினும் ஒரு முக்கியமான முரணை முன்வைத்தது. குருமடத்தில் இரண்டு இளைஞர்கள். ஒருவர் வசதியான வாழ்வை விட்டு இறைப்பணிக்கு வந்த சாம். மற்றவர் வறுமையால் குருமடத்துக்கு வந்த பெர்க்மான்ஸ். பசியால் வந்தவனின் அழைப்பு பொய்யானதா என்ற கேள்வியோடு தொடங்கிய படம், பின்னர் நன்மைக்கும் தீமைக்கும் நடக்கும் போராக விரிந்து அக்கேள்வியைப் பின்னால் விட்டுவிட்டது.

மலையாளத் திரையிலிருந்து ஒரு பார்வை

அண்டை மாநிலத்தில் நிலைமை வேறு. சிரியன் கிறிஸ்தவக் குடும்பத்தில் பிறந்த ஜான் ஆபிரகாம் தமிழில் ‘அக்ரகாரத்தில் கழுதை’ (1977) எடுத்தவர். மலையாளத்தில் ‘செறியாச்சன்றெ குரூர கிருத்தியங்ஙள்’ (1979) என்ற படத்தில் குட்டநாட்டுக் கிறிஸ்தவ நிலவுடைமையாளர் ஒருவரின் குற்றவுணர்வைக் காட்டினார். ஒடேசா கூட்டமைப்பின் வழியாக மக்களிடம் நேரில் நிதி திரட்டி ‘அம்ம அறியான்’ (1986) எடுத்தார். தயாரிப்பாளரே வேண்டாம் என்ற அந்த வழி தென்னிந்தியச் சுதந்திரத் திரைப்பட வரலாற்றில் பெரிய நிகழ்ச்சி.

அரவிந்தன் இயக்கி 1985இல் வந்த மலையாளப் படத்தின் பெயரே ‘சிதம்பரம்’. சி. வி. ஸ்ரீராமனின் சிறுகதையைத் தழுவிய அப்படம் அவ்வாண்டின் சிறந்த திரைப்படத்துக்கான தேசிய விருதைப் பெற்றது. தன்னால் ஒரு குடும்பம் அழிந்த குற்றவுணர்வோடு அலையும் சங்கரன் இறுதியில் சிதம்பரம் நடராசர் கோயிலுக்கு வருகிறான். அங்கே அவன் காண்பது மன்னிப்பை வழங்கும் கடவுளை அல்ல; தன்னால் வாழ்விழந்த சிவகாமியை. நாயகன் கிறிஸ்தவன் அல்லன். எனினும் பாவம், ஒப்புரவு, பதில் சொல்லாத கடவுள் என்று கிறிஸ்தவப் படங்கள் எழுப்பும் அதே கேள்விகளைத் தில்லைக் கோபுரத்தின் கீழ் வைத்த படம் அது.

லிஜோ ஜோஸ் பெல்லிசேரி இயக்கிய ‘ஈ.ம.யௌ.’ (2018) கொச்சி அருகே கடலோர லத்தீன் கத்தோலிக்க ஊர் ஒன்றில் நடப்பது. இறக்கும் தறுவாயில் காதில் சொல்லப்படும் இயேசு, மரி, சூசை என்னும் திருநாமங்களின் சுருக்கமே தலைப்பு. தந்தைக்குச் சிறப்பான அடக்கம் செய்வதாக வாக்களித்த மகனுக்குப் பங்குத் தந்தை கல்லறையில் இடம் மறுக்கிறார். நம்பிக்கை உடைவது தத்துவ வாதத்தால் அல்ல. மழையில் கிடக்கும் ஒரு சவப்பெட்டியால். அவருடைய ‘நண்பகல் நேரத்து மயக்கம்’ (2022) வேளாங்கண்ணிக்குச் சென்று திரும்பும் மலையாளி யாத்திரிகர் குழுவைப் பற்றியது. ஜேம்ஸ் என்பவர் வழியில் ஒரு தமிழ்க் கிராமத்தில் இறங்கி, காணாமற்போன சுந்தரம் என்பவராகவே மாறிப் பேசத் தொடங்குகிறார். பிறந்த மதம், மொழி, பெயர் ஆகியவற்றில் எது மனிதன் என்பதே கேள்வி. ஆண்டுதோறும் வேளாங்கண்ணித் திருவிழாவுக்குக் காவி உடுத்தி நடந்து செல்லும் பக்தர் கூட்டங்களைக் கடலூர், சிதம்பரம் சாலைகளில் பார்த்துப் பழகியவர்களுக்கு இப்படத்தின் உலகம் அந்நியமானதல்ல.

‘குற்றம் கடிதல்’

தமிழில் இப்பொருளுக்கு மிக நெருங்கி வந்த அண்மைக்காலப் படம் பிரம்மா இயக்கிய ‘குற்றம் கடிதல்’. திருக்குறளின் 44ஆம் அதிகாரத்தின் பெயரைக் கொண்ட இப்படம், 2014ஆம் ஆண்டுக்கான சிறந்த தமிழ்த் திரைப்படமாகத் தேசிய விருது பெற்று 2015இல் திரையரங்குகளுக்கு வந்தது. மெர்லின் என்னும் கிறிஸ்தவ இளம்பெண் இந்து இளைஞனை மணந்துகொண்ட பள்ளி ஆசிரியை. வகுப்பில் ஒரு சிறுவனை அறைகிறாள். அவன் மயங்கி விழுகிறான். அவள் ஊரைவிட்டு விலகிச் செல்ல நேர்கிறது.

குறள் சொல்லும் குற்றமும் திருச்சபை சொல்லும் பாவமும் சட்டம் சொல்லும் குற்றமும் ஒன்றல்ல. மெர்லின் இம்மூன்றுக்கும் நடுவில் நிற்கிறாள். சட்டத்திலிருந்து ஒளியலாம். கடவுளிடம் செபித்து மன்னிப்புப் பெற்றதாக நம்பலாம். ஆனால் அடிபட்ட சிறுவனின் தாய் முன்னால் நிற்காமல் மனம் அமைதி பெறுமா? மதம் தரும் ஆறுதல் மனிதரிடம் கேட்க வேண்டிய மன்னிப்புக்கு மாற்றாகாது என்ற இடத்துக்குப் படம் வந்து சேர்கிறது. ஆசிரியர், மாணவர் உறவை அறிந்த எவரையும் இப்படம் உலுக்கும். அதன் வலிமை கடவுளை மறுப்பதிலும் இல்லை, போற்றுவதிலும் இல்லை. மனச்சாட்சியைத் தப்பவிடாமல் நிறுத்துவதில் இருக்கிறது.

உலகத் திரையில்

சுவீடனின் இங்மர் பெர்க்மன் ‘விண்டர் லைட்’ (1963) படத்தில் தன் நம்பிக்கையை இழந்துகொண்டே வழிபாடு நடத்தும் போதகரைக் காட்டினார். பெர்க்மன் ஒரு லுத்தரன் போதகரின் மகன். ஜெர்மனியின் ‘ஸ்டேஷன்ஸ் ஆஃப் தி கிராஸ்’ (2014) சிலுவைப் பாதையின் 14 நிலைகளைப் பதினான்கு நீண்ட காட்சிகளாக்கி, கடுமையான கத்தோலிக்கக் குடும்பத்தில் வளரும் மரியா என்னும் 14 வயதுச் சிறுமியின் கதையைச் சொன்னது. போலந்தின் ‘கார்பஸ் கிறிஸ்டி’ (2019) சீர்திருத்தப் பள்ளியிலிருந்து வந்து பாதிரியாராக நடிக்கும் இளைஞனைப் பற்றியது. பொய் வேடம் போட்டவன் உண்மையான ஆறுதலைத் தருகிறான்.

அமெரிக்காவின் ‘ப்ளூ லைக் ஜாஸ்’ (2012) தயாரிப்பு முறையிலும் குறிப்பிடத்தக்கது. தெற்கத்தித் திருச்சபையில் வளர்ந்து, மதநம்பிக்கையற்ற சூழலுள்ள கல்லூரிக்குச் செல்லும் இளைஞனின் கதை அது. பணமின்றி நின்றபோது, இணையத்தில் ஆயிரக்கணக்கான வாசகர்கள் சிறு தொகைகளாகச் சுமார் 3,45,000 டாலர் தந்து படத்தை மீட்டனர். ஒடேசா குழு கேரளத்துத் தெருக்களில் செய்ததன் இன்னொரு வடிவம் இது.

தமிழில் ஏன் குறைவு?

இதற்குக் காரணங்கள் பல. முதலாவது, சிறுபான்மை நிலை. 2011 கணக்கெடுப்பின்படி தமிழ்நாட்டு மக்கள்தொகையில் கிறிஸ்தவர் ஏறத்தாழ 6 விழுக்காட்டினர். கேரளத்தில் அது 18 விழுக்காட்டை ஒட்டியது. சிறிய சமூகம் தன் உள்வீட்டுக் கேள்விகளைப் பொதுத்திரையில் வைக்கத் தயங்கும். வெளியிலிருந்து தாக்க நினைப்பவர்களுக்கு அது கருவியாகிவிடும் என்ற அச்சம் நியாயமானதே.

இரண்டாவது, தடையின் நிழல். ‘தி டா வின்சி கோட்’ படத்துக்கு 2006இல் தமிழ்நாடு அரசு தடை விதித்தது. பெரிய நிறுவனமே தடையைச் சந்திக்கும்போது கையில் காசில்லாத இயக்குநர் அப்பக்கம் போகமாட்டார்.

மூன்றாவது, பொருளின் தன்மை. தமிழ்நாட்டில் மதமாற்றம் பெரும்பாலும் சாதி ஒடுக்குமுறையோடும் கல்வியோடும் பிணைந்த வரலாறு. பல குடும்பங்களுக்குத் திருச்சபை என்பது பள்ளி, மருத்துவமனை, மரியாதை எல்லாமும். அங்கே பிறந்த இளைஞன் தன் விசுவாசத்தைக் கேள்வி கேட்டால், தாத்தாவின் விடுதலையையே கேள்வி கேட்பதாகப் பெற்றோருக்குப் படும். மேலைநாட்டுப் படங்களின் ஐயத்தை அப்படியே இங்கே நட்டுவைக்க முடியாததற்கு இதுவே காரணம்.

மதிப்பீடு

ஐயம் விசுவாசத்தின் எதிரி என்று சமயவாதிகள் சிலரும், விசுவாசம் அறியாமை என்று பகுத்தறிவாளர் சிலரும் கூறுவர். நல்ல திரைப்படம் இருவருக்கும் பிடிகொடுப்பதில்லை. கேள்வி கேட்கும் இளைஞனை அது துரோகியாகவும் ஆக்காது, வீரனாகவும் ஆக்காது. அவன் அம்மா செபமாலையோடு உட்கார்ந்திருக்கும் வீட்டுக்கு அவன் மாலையில் திரும்பிப் போக வேண்டியவன் என்பதை அது மறப்பதில்லை.

‘உன்னைப்போல் ஒருவன்’ படத்தைக் காட்டத் திரையரங்கு தேடி அலைய வேண்டியிருந்தது. இன்றைய இளைஞர் கையில் கேமராவும் இருக்கிறது, காட்டும் தளமும் இருக்கிறது. பொருளுக்கும் பஞ்சமில்லை. மேல்பட்டாம்பாக்கத்து மிஷன் வரலாறும், வட்டுக்கோட்டையிலிருந்து விலகி வந்த மாணவர்களும், தாமோதரம்பிள்ளை வீட்டுத் தந்தையும் மகனும் இன்னும் எவராலும் படமாக்கப்படாமல் காத்திருக்கின்றனர். மஞ்சக்குப்பத்துக்காரர் 1966இல் கேட்ட கேள்விக்கும் முடிவான விடை இன்னும் சொல்லப்படவில்லை.